காலப் பாடல் உண்மையில் என்ன செய்கிறது?

நிண்டெண்டோவின் செல்டா வீடியோ விளையாட்டுகளைப் பற்றிப் பேச்சு வந்தால் 'காலப் பாடல்' என்ற பெயரும் கூடவே வந்துவிடும். வீவக புளோக்கின் கீழ்த்தளத்தில் நிண்டெண்டோ சுவிட்ச் விளையாட்டுக் கருவியைக் கையில் வைத்துக்கொண்டு உட்கார்ந்திருக்கும் பையனும் சொல்வான். தொண்ணூறுகளின் கடைசியில் சிம் லிம் ஸ்குவேரில் விளையாட்டு கார்ட்ரிட்ஜுக்கு விலை பேசிய அவன் மாமாவும் சொல்வார். இருவரும் சொல்வது ஒன்றுதான்: அந்தப் பாட்டை ஊதினால் காலம் பின்னால் போகும். கொஞ்சம் கூடுதல் ஆர்வம் உள்ளவர்கள், அந்த உலகத்தின் காலத்தையே அந்தப் பாட்டுதான் கட்டி வைத்திருக்கிறது என்பார்கள்.

கேட்க நன்றாகத்தான் இருக்கிறது. ஆனால் இரண்டு வெவ்வேறு கதைகளில் வரும் இரண்டு வெவ்வேறு வேலைகளை ஒன்றாகக் கலந்துவிட்டதால் வந்த பேச்சு இது. ஒரு கதையில் அந்தப் பாட்டு காலத்தை நகர்த்துவதே இல்லை. இன்னொன்றில் அது காலத்தோடு சம்பந்தப்படுகிறது, ஆனால் பலரும் நினைக்கிற விதத்தில் இல்லை. இந்த விளையாட்டுகளைத் தொட்டே பார்க்காதவர்களுக்கும் புரியும்படி சொல்லப் பார்க்கிறேன். கதையின் திருப்பங்கள் சில வெளியே வந்துவிடும். இரண்டும் வெளியாகி இருபத்தைந்து ஆண்டுகள் ஆகிவிட்டன, பொறுத்துக்கொள்ளுங்கள்.

## யார், எது, எப்போது

நிண்டெண்டோ நிறுவனம் 1998இல் நிண்டெண்டோ 64 கருவிக்காக வெளியிட்டது 'ஒக்கரினா ஆஃப் டைம்'. 2000இல் அதன் தொடர்ச்சியாக வந்தது 'மஜோராஸ் மாஸ்க்'. இரண்டிலும் நாயகன் லிங்க். முதல் கதை ஹைரூல் நாட்டில் நடக்கிறது, இரண்டாவது டெர்மினா என்ற வேறு உலகத்தில்.

ஒக்கரினா என்பது உள்ளங்கையில் அடங்கும் ஊதுகருவி. உள்ளே கூடான, முட்டை போன்ற உடல், அதில் விரல் வைக்கத் துளைகள். கற்பனைப் பொருள் இல்லை, நிஜமாகவே உண்டு. கதையில் வருவது ஹைரூல் அரச குடும்பத்தின் பொக்கிஷமான நீல நிற ஒக்கரினா. அதில் ஊதும் பல மெட்டுகளில் ஒன்றுதான் காலப் பாடல்.

## ப ஸ க, ப ஸ க

பாட்டு என்றதும் பெரிதாக எதையோ நினைக்க வேண்டாம். விளையாட்டில் ஒக்கரினாவுக்கு ஐந்து பொத்தான்கள், ஐந்து சுரங்கள். கீழே உள்ள சுரத்தை ஸட்ஜமாக வைத்துக்கொண்டால் அவை ஸ, க, ப, த, மேல் ஸ என்று அமைகின்றன. காந்தாரம் சாதாரண காந்தாரம். தைவதம் சதுச்ருதி தைவதம். சிஃபாஸ் கலைப் பள்ளியில் வயலினோ புல்லாங்குழலோ கற்கும் பிள்ளைகள் இதைக் கேட்ட உடனே வாசித்துவிடுவார்கள்.

காலப் பாடல்: ப ஸ க, ப ஸ க. ஆறே சுரம். மூன்று சுரங்களை இரண்டு முறை சொல்கிறோம், அவ்வளவுதான். இதை ஊதி முடித்ததும் மீதி மெட்டை விளையாட்டே வாசித்துக் காட்டும். இசையமைத்தவர் கோஜி கோண்டோ. முதல் கதையில் காலக் கோவிலுக்குள் நுழைந்தால் கூட்டுக்குரலில் ஒலிக்கும் மெட்டும் இதுதான். வாயில் முணுமுணுக்கிற அளவுக்கு எளிது, கோவிலில் ஒலிக்கிற அளவுக்குக் கனம். கோண்டோவின் கைத்திறன் அங்கேதான் இருக்கிறது என்பது என் எண்ணம்.

ஒன்றைக் கவனிக்க வேண்டும். சுரங்களின் வரிசை சரியா என்று மட்டுமே விளையாட்டு பார்க்கிறது. தாளத்தைப் பார்ப்பதில்லை. இழுத்து ஊதினாலும் சரி, அவசர அவசரமாக ஊதினாலும் சரி, ப ஸ க ப ஸ க வந்துவிட்டால் பாட்டு வேலை செய்யும். காலத்தின் பெயரைத் தாங்கிய பாட்டுக்குத் தாளக் கட்டுப்பாடே இல்லை என்பது எனக்கு எப்போதும் வேடிக்கையாக இருக்கும்.

## முதல் கதையில் பாட்டு ஒரு சாவி

ஒக்கரினா ஆஃப் டைமில், கொடியவன் கேனன்டார்ஃபிடமிருந்து தப்பி ஓடும் இளவரசி செல்டா, போகிற போக்கில் ஒக்கரினாவை அகழியில் வீசிவிட்டுப் போகிறாள். லிங்க் அதை எடுத்ததும், அவள் காலப் பாடலைச் சொல்லிக் கொடுக்கும் காட்சி அவன் மனதில் விரிகிறது. பிறகு அவன் காலக் கோவிலுக்குப் போய், தான் சேர்த்த மூன்று மணிக்கற்களோடு நின்று பாட்டை ஊதுகிறான். பெரிய கல் கதவு ஒன்று திறக்கிறது.

பாட்டின் முக்கிய வேலை அங்கேயே முடிந்துவிட்டது. கதவுக்குப் பின்னால் பீடத்தில் ஒரு வாள் செருகியிருக்கிறது. லிங்க் அதை உருவுகிறான். வாளை ஏந்தும் வயது அவனுக்கு இன்னும் வரவில்லை என்பதால் 7 ஆண்டுகள் தூக்கத்தில் வைக்கப்படுகிறான். கண் விழிக்கும்போது இளைஞன். நாடு பாழாகிக் கிடக்கிறது. பின்னால் அதே வாளைப் பீடத்தில் திரும்பச் செருகினால் சிறுவனாகப் பழைய காலத்துக்கு வருகிறான். உருவினால் மறுபடி இளைஞன். போய்வருவதற்கு உதவுவது வாளும் பீடமும். பாட்டு அந்த அறைக்கு வழிவிட்டது, அவ்வளவே.

அப்புறம் அந்தப் பாட்டால் வேறு பயனே இல்லையா? சில இடங்களில் வழியை மறைக்கும் நீலக் கற்களை அது தோன்றவும் மறையவும் வைக்கும். அதுவும் கதவு திறக்கிற ஜாதிதான். இந்தக் கதையில் நிஜமாகவே பொழுதை நகர்த்தும் மெட்டு வேறொன்று: சூரியப் பாடல். அதை ஊதினால் பகல் இரவாகும், இரவு பகலாகும். புகழ் எல்லாம் காலப் பாடலுக்குப் போய்விட்டது, பாவம்.

இதே கதையில் காலக் குழப்பத்துக்கு நல்ல உதாரணம் வேண்டுமானால் புயல் பாடலைப் பார்க்கலாம். ஸ க மேல்ஸ, ஸ க மேல்ஸ. இளைஞன் லிங்க் ககாரிகோ ஊரின் காற்றாலைக்குப் போகிறான். ஏழு வருஷத்துக்கு முன்னால் ஒரு பொடியன் வந்து இந்தப் பாட்டை ஊதிக் காற்றாலையையே கெடுத்துவிட்டான் என்று அங்கே இசைப்பெட்டி சுற்றும் ஆள் கோபமாகச் சொல்லி, அந்த மெட்டையும் வாசிக்கிறார். லிங்க் கற்றுக்கொள்கிறான். சிறுவனாகத் திரும்பி வந்து அதே காற்றாலையில் ஊதுகிறான். அந்தப் பொடியன் இவன்தான்! சரி, அப்படியானால் அந்தப் பாட்டை முதலில் இயற்றியது யார்? அவர் இவனிடம் கேட்டார், இவன் அவரிடம் கற்றான். இப்படி ஒரு பொருளுக்கோ செய்திக்கோ தொடக்கமே இல்லாமல் வட்டமாகச் சுற்றுவதைக் காரணச் சுழல் என்று சொல்லலாம். காலப் பாடலில் இந்தச் சிக்கல் கிடையாது, அது ஒழுங்காகக் கற்றுக்கொடுக்கப்பட்ட பாட்டு.

இதுவரை பார்த்ததில் மனதில் வைக்க வேண்டியது: முதல் கதையில் காலப் பாடல் கதவைத் திறக்கிறது. ஏழு ஆண்டுகளைத் தாண்ட வைப்பது வாள். பொழுதை மாற்றுவது சூரியப் பாடல்.

## இரண்டாம் கதையில் மூன்றே நாள்

மஜோராஸ் மாஸ்க்கில்தான் பாட்டு கதையின் நடுவுக்கு வருகிறது. டெர்மினா உலகத்தின் நடுவே கடிகார நகரம். அதன் தலைக்கு மேலே முகமுள்ள நிலவு ஒன்று பல்லைக் கடித்தபடி தொங்குகிறது. மூன்று நாளில், அதாவது 72 மணி நேரத்தில், அது விழுந்து எல்லாம் அழிந்துவிடும். முதல் நாள் காலை 6 மணிக்குத் தொடங்கும் கடிகாரம் மூன்றாம் இரவு கழிந்து காலை 6 மணி ஆகும்போது நிற்கும்.

விளையாட்டின் ஒரு மணி நேரம் நிஜத்தில் சுமார் 45 விநாடி. ஆக மூன்று நாளும் ஏறக்குறைய 54 நிமிடத்தில் முடிந்துவிடும். பாசிர் ரிஸில் எம்ஆர்டி ஏறினால் தீவின் மேற்குப் பக்கம் போய்ச் சேர்வதற்குள் நிலவு விழுந்துவிடும். இவ்வளவு நேரத்துக்குள் இவ்வளவு பெரிய உலகத்தைக் காப்பாற்ற முடியாது. அதனால்தான் பாட்டு.

முதலில் ஒரு வாரச் சுழற்சி என்று திட்டமிட்டதாகவும், அவ்வளவையும் விளையாடுகிறவர்கள் நினைவில் வைக்க முடியாது என்று மூன்று நாளாகக் குறைத்ததாகவும் இயக்குநர் எய்ஜி அவோனுமாவும் அவர் குழுவும் சொல்லியிருக்கிறார்கள். சுழற்சி என்றால் முடிந்த இடத்திலிருந்து மறுபடி தொடங்கிய இடத்துக்கே வந்து அதே நாட்களைத் திரும்ப ஓட்டுவது.

முதல் சுழற்சியின் கடைசி இரவில், கடிகாரக் கோபுர உச்சியில், திருட்டுப் போன ஒக்கரினா லிங்கின் கைக்குத் திரும்பி வருகிறது. அப்போது செல்டா சொன்னது அவன் நினைவுக்கு வருகிறது: காலத்தின் தேவி உன்னைக் காக்கிறாள், பாட்டை ஊதினால் அவள் உதவுவாள் என்று. இதை நம் ஆட்கள் கவனிக்காமல் தாண்டிவிடுகிறார்கள். கதையின் கணக்குப்படியே சக்தி பாட்டில் இல்லை, தேவியிடம் இருக்கிறது. பாட்டு அவளுக்குப் போகிற வேண்டுகோள்.

அவன் ஊதுகிறான். முதல் நாள் காலை. நிலவு பழையபடி உயரத்தில்.

## ஊதாமல் விட்டால் என்ன ஆகும்?

பாட்டு என்ன செய்கிறது என்று தெரிந்துகொள்ள, அதை ஊதாமல் விட்டால் என்ன நடக்கிறது என்று பார்ப்பதுதான் சுருக்கமான வழி. நிலவு விழுகிறது. எல்லாம் எரிகிறது. பிறகு விளையாட்டு உங்களை எங்கே கொண்டுபோய் விடுகிறது? அதே முதல் நாள் காலைக்குத்தான்.

அதாவது ஊதினாலும் முதல் நாள் காலை, ஊதாவிட்டாலும் முதல் நாள் காலை. வித்தியாசம் லிங்கின் பையில் இருக்கிறது. நிலவு விழுந்து திரும்பினால் இந்தச் சுழற்சியில் சேர்த்தது எதுவும் கையில் இருக்காது. பாட்டு ஊதித் திரும்பினால் முக்கியமானவை கூடவே வரும். பின்னால் போவது இந்த உலகத்தில் எப்படியும் நடக்கிற காரியம். பாட்டு செய்வது, போகும்போது கையில் சிலவற்றை விட்டுவைப்பது.

புங்கோலில் இருக்கும் என் அக்கா மகனிடம் இதைச் சொன்னபோது, "அப்போ அது சேவ் பட்டன்தானே மாமா?" என்று கேட்டான். அதேதான். அசல் விளையாட்டில் பாட்டை ஊதியதும் திரையில் வரும் கேள்வியே, சேமித்துவிட்டு முதல் நாள் விடியலுக்குத் திரும்ப வேண்டுமா என்பதுதான்.

## பலகையும் நோட்டுப் புத்தகமும்

இதன் உள் இயக்கத்தைப் புரிந்துகொள்ள ஒரு டியூஷன் வகுப்பை நினைத்துக்கொள்ளுங்கள். ஆசிரியர் வெள்ளைப் பலகை நிறையக் கணக்குப் போடுகிறார். மணி அடித்ததும் பலகையைத் துடைத்துவிடுகிறார். அடுத்த வகுப்புக்கு வருகிறவர்களுக்குப் பலகை காலி. ஆனால் உங்கள் நோட்டில் எழுதிக்கொண்டது உங்களோடு வீட்டுக்கு வருகிறது. பலகையில் இருந்த எல்லாவற்றையும் நீங்கள் எழுதியிருக்க மாட்டீர்கள், முக்கியமானதை மட்டும்தான்.

மஜோராஸ் மாஸ்க் இப்படி இரண்டு ஏடுகளை வைத்திருக்கிறது. இனி நிஜமான பெயர்களுக்கு வருவோம். ஒரு நொடியில் விளையாட்டு உலகம் எப்படி இருக்கிறது என்று கருவி வைத்திருக்கும் எல்லா விவரங்களையும் சேர்த்து 'நிலை' என்கிறோம். அந்த நிலையின் பெரும்பகுதி 'கொடி'களால் ஆனது. கொடி என்பது ஆம் அல்லது இல்லை என்று மட்டும் சொல்லும் சின்னக் குறிப்பு: இந்தப் பெட்டியைத் திறந்தாயிற்றா, இந்தக் கடிதத்தைப் போட்டாயிற்றா, இந்த ஆளைக் காப்பாற்றியாயிற்றா.

காலப் பாடலை ஊதியதும் நிரல் மூன்று வேலை செய்கிறது. கடிகாரத்தை முதல் நாள் காலை 6 மணிக்குத் திருப்புகிறது. பலகை வகையைச் சேர்ந்த கொடிகளை எல்லாம் 'இல்லை' என்று மாற்றுகிறது. நோட்டு வகையைச் சேர்ந்தவற்றை அப்படியே கார்ட்ரிட்ஜில் எழுதிச் சேமிக்கிறது.

நோட்டில் இருப்பவை: லிங்க் பெற்ற முகமூடிகள், கற்ற பாட்டுகள், வில் போன்ற ஆயுதங்கள், கூடுதல் உயிர் தரும் இதயங்கள், வீழ்த்திய பெரிய பூதங்களின் முகங்கள். பலகையில் இருப்பவை: கையிலுள்ள காசு, அம்புகள், வெடிகுண்டுகள், குடுவைக்குள் நிரப்பிய மருந்து, நிலவறைக் கோவில்களின் சின்னச் சாவிகள். இவற்றோடு ஊர் மக்களுக்கு நீங்கள் செய்த உதவிகள் எல்லாமும்.

கடைசியில் சொன்னதுதான் வலிக்கும். மலைப்பகுதியின் பூதத்தை வீழ்த்தினால் பனி உருகி வசந்தம் வருகிறது, குளிரில் நடுங்கிய கோரன் இனத்தார் மகிழ்கிறார்கள். பாட்டை ஊதினால் மறுபடி பனி. அஞ்சு, காஃபே என்ற காதலர்களைச் சேர்த்துவைக்க மூன்று நாளும் ஓட வேண்டும். சரியான நேரத்தில் சரியான இடத்தில் நிற்க வேண்டும். கடைசி இரவில் விடிவதற்குக் கொஞ்சம் முன்னால் அவர்கள் சேர்கிறார்கள். அடுத்த சுழற்சியில் அஞ்சு மறுபடி விடுதி மேசைக்குப் பின்னால் காத்துக்கொண்டு நிற்பாள், அவளுக்கு உங்களை யாரென்றே தெரியாது. உங்களிடம் அவர்கள் கொடுத்த முகமூடி மட்டும் இருக்கும்.

வங்கியில் போட்ட காசு மட்டும் எப்படியோ நிற்கிறது. எல்லாரும் மறக்கும்போது வங்கிக்காரர் மட்டும் எப்படி நினைவில் வைத்திருக்கிறார்? கதை அதற்கும் ஒரு சாக்கு வைத்திருக்கிறது: அவர் ஒரு சிறப்பு மையால் லிங்கின் உடம்பிலேயே முத்திரை குத்திவிடுகிறார். கணக்கு லிங்கோடு பயணம் செய்கிறது, அவன் திரும்பி வந்ததும் முத்திரையைப் பார்த்துக் காசு கொடுக்கிறார். மற்ற சுழற்சியில் போட்ட காசு இந்தச் சுழற்சியின் பெட்டிக்குள் எப்படி வந்தது என்று கேட்டால் பதில் இல்லை. நல்ல பொய். நான் ஏற்றுக்கொண்டேன்.

சுருக்கமாக: பாட்டு என்பது கடிகாரத்தைத் திருப்புவதோடு, எது நிற்கலாம் எது போகலாம் என்ற பட்டியலையும் நடைமுறைப்படுத்துகிறது. அந்தப் பட்டியலை எழுதியவர்கள் விளையாட்டை உருவாக்கியவர்கள்.

## தலைகீழாகவும் இரட்டித்தும்

காலப் பாடலுக்கு இரண்டு திரிபுகள் உண்டு. கதையில் இவற்றை ஒரு சோளக்கொல்லைப் பொம்மைதான் சொல்லித் தருகிறது. திருப்பி ஊதினால், அதாவது க ஸ ப, க ஸ ப, காலம் மெதுவாகும். ஒவ்வொரு சுரத்தையும் இரண்டு முறை, ப ப ஸ ஸ க க என்று ஊதினால், அடுத்த காலை 6 மணிக்கோ மாலை 6 மணிக்கோ தாவிவிடலாம்.

'காலம் மெதுவாகும்' என்பதிலும் ஒரு தவறான புரிதல் ஒட்டிக்கொண்டிருக்கிறது. திருப்பி ஊதிய பிறகு லிங்க் மெதுவாக ஓடுகிறானா? இல்லை. எதிரிகள் மெதுவாகத் தாக்குகிறார்களா? அதுவும் இல்லை. வாள் வீச்சு அதே வேகம். மெதுவாவது திரையின் கீழே இருக்கும் கடிகாரம் மட்டும்.

காரணம், விளையாட்டுக்குள் இரண்டு கடிகாரங்கள் ஓடுகின்றன. ஒன்று, படங்களைத் திரையில் வரைந்துகொண்டே போகும் கருவியின் கடிகாரம். ஓட்டம், குதிப்பு, சண்டை எல்லாம் இதை நம்பியவை. மற்றொன்று, டெர்மினாவின் பொழுதைக் காட்டும் கதைக் கடிகாரம்; நிலவும் ஊராரின் அன்றாடமும் இதைப் பார்த்து நடக்கின்றன. தபால்காரர் எந்தத் தெருவில் இருக்க வேண்டும், விடுதி எப்போது கதவைப் பூட்ட வேண்டும் என்பதெல்லாம் கதைக் கடிகாரத்தின் மணியை வைத்து முடிவாகிறது. பாட்டு தொடுவது இந்த இரண்டாவதை மட்டும். விளையாட்டின் மெனுவைத் திறந்து வைத்தால்கூட கதைக் கடிகாரம் நின்றுவிடும்.

இவ்வளவு பேரின் அன்றாடத்தையும் நிண்டெண்டோ 64 தாங்கியதற்கு ஒரு விலை இருந்தது. கருவியோடு வந்த 4 மெகாபைட் நினைவகம் போதவில்லை. இன்னொரு 4 மெகாபைட் தரும் கூடுதல் அட்டையைப் பொருத்தாமல் மஜோராஸ் மாஸ்க் ஓடாது.

## நிலவை நிறுத்துவது வேறு பாட்டு

இன்னொரு கலப்படத்தையும் பிரித்துவிடுகிறேன். காலப் பாடல் நிலவை நிறுத்துவதாகவும் சிலர் சொல்வார்கள். அது ஒரு முறைகூட நிலவை நிறுத்தியதில்லை, நிலவு விழுகிற நாளைத் தள்ளித்தான் போட்டது. நான்கு திசைகளிலும் அடைபட்ட நான்கு ராட்சதர்களை விடுவித்து, கோபுர உச்சியில் 'ஓத் டு ஆர்டர்' என்ற வேறு மெட்டை ஊதினால், அவர்கள் நடந்து வந்து நிலவைக் கையால் தாங்கிப் பிடிக்கிறார்கள். அந்த உலகத்தைத் தாங்கிய பாட்டு எது என்று கேட்டால் என் ஓட்டு அதற்குத்தான்.

ஊதினால் நிஜமாகவே காலம் விட்டுக் காலம் தாவ வைக்கும் மெட்டுகள்தான் வேண்டுமென்றால், 2001இல் வந்த 'ஆரக்கிள் ஆஃப் ஏஜஸ்' என்ற செல்டா விளையாட்டைப் பார்க்கலாம். அதில் யாழ் போன்ற கருவியில் வாசிக்கும் மெட்டுகள் இறந்தகாலத்துக்கும் நிகழ்காலத்துக்கும் இடையே கொண்டுபோய்விடும்.

## முதல் முறை விளையாடப் போகிறவர்களுக்கு

மஜோராஸ் மாஸ்க்கைத் தொடங்கினால், ஒக்கரினா கைக்கு வந்த பிறகு ஒவ்வொரு சுழற்சியிலும் முதல் வேலையாகப் பாட்டைத் தலைகீழாக ஊதிவிடுங்கள். காலப் பாடலை ஊதி மறுபடி முதல் நாளுக்கு வந்ததும் கடிகாரம் பழைய வேகத்துக்குத் திரும்பிவிடும், அதனால் மறுபடி தலைகீழாக ஊத வேண்டும். பாட்டை ஊதுவதற்கு முன்னால் கையிலுள்ள காசை வங்கியில் போட்டுவிடுங்கள். கோவில் ஒன்றைப் பாதியில் விட்டு ஊதினால் அதன் சின்னச் சாவிகள் போய்விடும். எனவே பெரிய கோவிலை முதல் நாள் விடியலிலேயே தொடங்குவதே உத்தமம்.

எந்தப் பதிப்பு என்பதையும் பார்த்துக்கொள்ளுங்கள். சுவிட்சில் சந்தாவோடு கிடைப்பது பழைய நிண்டெண்டோ 64 பதிப்பு. அதில் விளையாட்டுக்குள் நிரந்தரமாகச் சேமிக்கக் காலப் பாடலைத்தான் நம்ப வேண்டும். அங்கங்கே நிற்கும் ஆந்தைச் சிலைகளில் சேமிப்பது தற்காலிகம், அந்தச் சேமிப்பை ஒரு முறை திறந்ததும் அது போய்விடும். 2015இல் நிண்டெண்டோ 3டிஎஸ் கருவிக்கு வந்த மறுபதிப்பில் சிலைகளிலேயே நிரந்தரமாகச் சேமிக்கலாம், இரட்டித்து ஊதினால் எந்த மணிக்குப் போக வேண்டும் என்றும் நீங்களே தேர்ந்தெடுக்கலாம். வசதி அதிகம், பதற்றம் குறைவு. பதற்றம் வேண்டும் என்கிறவர்கள் பழையதையே எடுங்கள்.